வெண்புள்ளி, மங்கு, தேமல்: மனசை விட்டுப் போகாத சம்பவம் இருந்தால் எழுதுங்கள்

வில்லுக்குறி வாசகி

நானே தொடங்குகிறேன். 2014, நாகர்கோவிலில் இருந்து மார்த்தாண்டம் போகிற பஸ். கண்டக்டருக்கு இரண்டு கையிலும் வெண்புள்ளி, விரல் நுனி வரைக்கும். ஐம்பது ரூபாய் நீட்டினேன். டிக்கெட்டைக் கிழித்தார், மீதிச் சில்லறையை அதன் மேல் அடுக்கி, என் பக்கத்தில் காலியாக இருந்த சீட்டில் வைத்துவிட்டு நகர்ந்துவிட்டார். எல்லாருக்கும் இப்படித்தான் கொடுப்பாரோ என்று திரும்பிப் பார்த்தேன். பின்சீட்டுப் பெரியவர் கையை நீட்டியபடியே இருந்தார், அவருக்குக் கையில்தான் கொடுத்தார். அப்போதுதான் என் கையைக் கவனித்தேன். ரூபாயைக் கொடுத்த உடனே அதை மடிக்குள் இழுத்து வைத்திருக்கிறேன்.

ஒட்டாது என்று எனக்குத் தெரியும். பாடத்திலேயே படித்தவள். இருந்தும் அப்படி நடந்தது.

இப்போது ஏன் எழுதுகிறேன் என்றால், போன மாசம் என் மகன் முழங்காலில் நாணயம் அளவுக்கு ஒரு வெள்ளை. டாக்டர் அறை விளக்கை அணைத்துவிட்டு, ஊதா வெளிச்சம் வருகிற ஒரு சின்ன விளக்கைக் காட்டினார். முழங்கால் டியூப் லைட் மாதிரி மின்னியது. அது நாங்கள் எதிர்பார்த்ததுதான். முதுகிலும் ஒன்று மின்னியது. அப்படி ஒன்று இருப்பதே எங்களுக்குத் தெரியாது. தைராய்டு பார்க்க ரத்தம் எடுத்தார்கள், தடவுவதற்கு டாக்ரோலிமஸ் ஆயின்ட்மென்ட். மாமியார் "வெள்ளப்பாண்டு" என்று சொல்லி இரண்டு நாள் அழுதார்கள்.

தோவாளைக்காரி

எங்க அம்மா கதை. வருஷக் கணக்காக ஒரே ஸ்டிக்கர் பொட்டு, ராத்திரியிலும் எடுக்க மாட்டார்கள். ஒருநாள் தலைக்குக் குளிக்கும்போது எடுத்தார்கள். பொட்டை எடுத்த பிறகும் பொட்டு இருந்தது, வெள்ளையாக.

அதை யாரிடமும் சொல்லவில்லை. மறைக்க அதைவிடப் பெரிய பொட்டு வாங்கினார்கள். அந்த அளவுக்கும் வெளுத்தது. இன்னும் பெரிசு. நான் கண்டுபிடிக்கும்போது பழைய ஒரு ரூபாய் அளவு வந்துவிட்டது. ஆசாரிப்பள்ளம் பெரியாஸ்பத்திரியில் தோல் ஓ.பி.க்கு இழுத்துக்கொண்டு போனேன். டாக்டரம்மா முதலில் நெற்றியைப் பார்க்கவே இல்லை, பொட்டு அட்டையைத்தான் கேட்டார்கள். சில பொட்டுகளின் பசையில் பாரா டெர்ஷியரி பியூட்டைல் பீனால் என்று ஒன்று இருக்குமாம். தோலுக்கு நிறம் கொடுக்கிற மெலனோசைட் செல்களை அது கொன்றுவிடும். "பொட்டை நிறுத்தினாலே பாதி வைத்தியம்" என்றார்கள். அம்மா கேட்ட ஒரே கேள்வி: "அப்ப வெறும் நெற்றியோடயா நடப்பேன்?" இப்போது குங்குமம். ஓரத்தில் இருந்து கொஞ்சம் நிறம் திரும்பியிருக்கிறது, நடுவில் இன்னும் இல்லை.

நாஞ்சில் அண்ணாச்சி

எனக்கும் கழுத்தில் தேமல் வந்தது, போய்விட்டது. என் அனுபவம் அவ்வளவுதான். ஆனால் சகோதரிகள் இருவருக்கும் சில விஷயம் சொல்ல வேண்டும்.

முதலில் சாப்பாடு. மீனும் மோரும் சேரக் கூடாது. பெரியவர்கள் சும்மா சொல்லவில்லை. புளிப்பைக் குறையுங்கள். தண்ணீரைச் செம்புப் பானையில் ஊற்றி வையுங்கள். அப்புறம் கார்போக அரிசி, நாட்டு மருந்துக் கடையில் கேட்டாலே எடுத்துத் தருவார்கள். அரைத்து எண்ணெயில் குழைத்து வெள்ளையில் தடவி வெயிலில் நிற்க வேண்டும். நம் சித்தர்கள் சொன்னதைத்தான் இன்று ஆஸ்பத்திரியில் மெஷின் வைத்துச் செய்கிறார்கள். நாகர்கோவில் நாகராஜா கோயில் மண்ணையும் விடாதீர்கள். ஆறு மாசம் கறுப்பும் ஆறு மாசம் வெளுப்புமாக மாறுகிற மண் அது, நிறத்தின் சூட்சுமம் தெரிந்த மண். களக்காட்டு ராஜாவுக்கே அங்கேதான் தோல் நோய் தீர்ந்தது என்பார்கள். ஆவணி ஞாயிற்றுக்கிழமை பிள்ளையைக் கூட்டிப்போய் நாகருக்குப் பால் ஊற்றுங்கள். ஸ்டீராய்டு மட்டும் வேண்டாம். சோப்பும் வேண்டாம், பயத்தமாவு போதும்.

குறிச்சிக் கடல்காற்று

அண்ணாச்சி, கோபப்படாதீர்கள். கோயிலுக்குப் போவது அவரவர் மனசு, அதில் நான் வாய் திறக்கவில்லை. கார்போக அரிசியைப் பற்றி மட்டும் சொல்கிறேன், ஏனென்றால் அதைத் தடவி வெந்தவன் நான்.

அதில் சோராலென் இருப்பது உண்மை. அதைத் தடவினால் தோல் வெயிலை இழுத்துக்கொள்ளும். ஆஸ்பத்திரியிலும் சோராலென் கொடுத்துத்தான் பூவா சிகிச்சை செய்கிறார்கள், ஆனால் வெளிச்சத்தை அளந்து. நான் தடவிக்கொண்டு மணவாளக்குறிச்சியில் எங்கள் வீட்டு மொட்டை மாடியில் மத்தியானம் அரை மணி நேரம் நின்றேன். ராத்திரி முன்கை முழுக்கப் பப்படம் பொரிந்த மாதிரி கொப்புளம். அம்மா விசிறிக்கொண்டே உட்கார்ந்திருந்தாள். ஆறின பிறகு பார்த்தால், முன்பு இரண்டு புள்ளி இருந்த இடத்தில் உள்ளங்கை அகலத்துக்கு வெள்ளை. காயம் பட்ட இடத்தில் புதிதாக வெளுப்பது இந்த நோயின் குணம் என்று அப்புறம்தான் தெரிந்தது.

மீன், மோர் கதை எங்களிடம் வேண்டாம். நாங்கள் மூன்று நேரமும் மீன் தின்கிற ஆட்கள். மீன் குழம்புக்குப் பிறகு மோர் ஊற்றிக்கொள்ளாத வீடு எங்கள் தெருவில் இல்லை. உங்கள் கணக்குப்படி குளச்சல் முதல் முட்டம் வரை எல்லாரும் வெளுத்திருக்க வேண்டும். அடுத்து யாராவது "உங்க ஊர் கறுத்த மணல்தான் காரணம்" என்று வருவதற்குள் அதையும் சொல்லிவிடுகிறேன். உடம்பின் எதிர்ப்புச் சக்தியே நிறச் செல்களை எதிரி என்று நினைத்து அழிக்கிறது, அதுதான் வெண்புள்ளி. நூறு பேரில் ஏறக்குறைய ஒருவருக்கு உலகம் முழுக்க இருக்கிறது, கறுத்த மணலே பார்க்காத ஊரிலும்.

தேமல் வேறு ஜாதி. அது பூஞ்சை. லோஷன் போட்டால் போய்விடும், நிறம் திரும்பத்தான் மாசக் கணக்காகும். உங்களுக்குப் போனது அது.

நாஞ்சில் அண்ணாச்சி

நான் மத்தியானம் என்று எங்கே எழுதினேன்? இளவெயில்தான் என் மனதில் இருந்தது. நீங்கள் செய்த தப்புக்குச் சித்தர்கள் என்ன செய்வார்கள்? செம்புப் பானையைப் பற்றி ஒருவரும் பதில் சொல்லவில்லை, கவனிக்கவும்.

பேச்சிப்பாறை மலையோரம்

சண்டைக்கு நடுவில் என் அப்பா கதையைச் சொல்லிவிட்டுப் போகிறேன். ரப்பர் வெட்டுத் தொழில். இரண்டு காலிலும் வெள்ளை, சரியாக 'வி' எழுத்து மாதிரி. ரப்பர் பால் பட்டுத்தான் வந்தது என்று தோட்டத்தில் எல்லாரும் சொன்னார்கள். பால் கையில்தானே அதிகம் படும் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை.

டாக்டர் அப்பாவின் செருப்பைக் கழற்றச் சொல்லி, குனிந்து தன் கையாலேயே மறுபடி காலில் மாட்டிப் பார்த்தார். வார் போகிற வழியும் வெள்ளையும் அச்சு பிசகாமல் பொருந்தியது. ரப்பர் சீக்கிரம் கெட்டுப்போகாமல் இருக்கச் சேர்க்கிற சில ரசாயனம் இப்படிச் செய்யுமாம். அப்பா திரும்பி வரும் வழியெல்லாம் அந்தக் காரணத்தைப் பற்றிப் பேசவே இல்லை. "டாக்டர் என் செருப்பைத் தொட்டாரு மக்கா" என்பதையே சொல்லிக்கொண்டு வந்தார்.

பெயர் வேண்டாம்

பதினொரு வயதில் இருந்து எனக்கு இருக்கிறது. இப்போது நாற்பத்து மூன்று. இந்தப் பக்கத்தில் வைத்தியம் கேட்டவர் ஒருவர்கூட இல்லை, வந்த யோசனையோ பத்து.

லைட் சிகிச்சை ஒன்றரை வருஷம் எடுத்தேன். நேரோபேண்ட் யூ.வி.பி. என்கிற புற ஊதாக் கதிர், 311 நானோமீட்டர், வாரம் இரண்டு தடவை. முகம் நன்றாகவே திரும்பியது. வெள்ளைக்கு நடுவே ஒவ்வொரு முடி வேரிலும் கடுகு போட்ட மாதிரி ஒரு பழுப்புப் புள்ளி வரும், அப்புறம் அவை ஒன்றோடு ஒன்று சேரும். விரல் நுனியில் முடி இல்லை, அங்கே எதுவும் வரவில்லை. உதட்டிலும் இல்லை. 2022-ல் அமெரிக்காவில் ருக்ஸோலிடினிப் என்ற கிரீமுக்கு அனுமதி கொடுத்தபோது அந்தச் செய்தியை எனக்கு அனுப்பி வைத்த சொந்தக்காரர்கள் முப்பது பேர். லைட் சிகிச்சையை நான் நிறுத்திவிட்டேன். வைத்தியத்தின் மேல் குறை இல்லை, பஸ் ஏறி அலுத்துவிட்டது.

தொழுநோயோ என்று இன்னும் கேட்கிறார்கள். தொழுநோய்த் திட்டில் உணர்ச்சி இருக்காது, இப்படிப் பால் வெள்ளையாகவும் இருக்காது. எனக்குக் கொசு கடித்தாலும் தெரியும்.

என் சம்பவம் சின்னது. 2020. கொரோனா. சர்ச்சில் கை குலுக்குவதை நிறுத்திவிட்டு எல்லாரும் எல்லாருக்கும் கும்பிடு போட்டார்கள். பக்கத்தில் இருப்பவர் எதற்காகக் கை கொடுக்கவில்லை என்று அந்த ஒரு வருஷம் நான் யோசிக்கவே இல்லை.

இரணியல் மருமகள்

வெண்புள்ளி இல்லை, மங்கு. எழுதலாம்தானே? மைனிக்குப் பிள்ளை பெற்ற பிறகு இரண்டு கன்னத்திலும் கரிமங்கு. கர்ப்பத்தில் ஹார்மோனால் வருவது, வெயில் பட்டால் கூடும். ஒரு கடையில் சின்ன டப்பாவில் கிரீம் கொடுத்தார்கள், மேலே கம்பெனி பெயர்கூட இல்லை. மூன்றாவது வாரம் முகம் பளபளவென்று ஆனது. எல்லாரும் பாராட்டினோம், நானும்தான். ஏழாவது மாசம் புட்டுக்குடத்தைத் திறந்தபோது ஆவி முகத்தில் பட்டதும் அலறிக்கொண்டு பின்னால் போனாள். தோல் அவ்வளவு மெலிந்து போயிருந்தது. ஸ்டீராய்டு கலந்ததாக இருக்கும் என்றார் டாக்டர். நிறுத்தினால் மங்கு முன்னைவிடக் கறுப்பாக வந்தது. 2023-ல் மலப்புரத்தில் இப்படிப் பெயர் ஊர் இல்லாத வெள்ளையாக்கும் கிரீம் பூசிச் சிலருக்குச் சிறுநீரகம் பழுதானது, அதில் பாதரசம். அந்தச் செய்தியைக் காட்டிய பிறகுதான் மைனி டப்பாவை வீசினாள். இப்போது சன்ஸ்கிரீன், குடை.

வில்லுக்குறி வாசகி

எல்லாரும் எழுதியதைப் படித்தேன். அண்ணாச்சி, செம்புப் பானை வீட்டில் இருக்கிறது, அழகுக்கு.

பையனுக்கும் லைட் எழுதிக் கொடுத்துவிட்டார்கள், செவ்வாயும் வெள்ளியும். அதே ரூட் பஸ்தான். அந்தக் கண்டக்டரைப் பிறகு பார்க்கவே இல்லை. பார்த்தால் கையை நீட்டியபடி இருக்க வேண்டும் என்று எத்தனையோ முறை நினைத்ததுண்டு. டவுன் பஸ்ஸில் பெண்களுக்கு 2021-ல் இருந்து டிக்கெட் இலவசம், சில்லறை வாங்குகிற பேச்சே இல்லை.