‘டாகிள்’ என்பதற்கு ‘மாற்று’ போதுமா?

சொல்லேர்:
உரைத்தொகுப்பி ஒன்றின் இடைமுகத்தைத் தமிழாக்கும் வேலை நடக்கிறது. அதில் ‘டாகிள்’ (toggle: ஒருமுறை அழுத்தினால் மறு நிலைக்கும், இன்னொருமுறை அழுத்தினால் பழைய நிலைக்கும் போகும் கட்டளை) வரும் சரங்கள், அதாவது திரையில் தெரியும் சொற்றொடர்கள், எல்லாவற்றுக்கும் ‘மாற்று’ என்றே வைத்துவிடலாம் என்பது என் முன்மொழிவு. டாகிள் சைட்பார்: பக்கப்பட்டையை மாற்று. டாகிள் கமென்ட்: குறிப்புரையை மாற்று. டாகிள் ஃபுல்ஸ்கிரீன்: முழுத்திரையை மாற்று. சின்னச் சொல், பட்டனுக்குள் அடங்கும், வினையாகவும் நிற்கும் பெயராகவும் நிற்கும், பள்ளிப் பிள்ளைக்கும் தெரியும். பலர் சேர்ந்து மொழிபெயர்க்கும் இடத்தில் ஓர் ஆங்கிலச் சொல்லுக்கு ஒரே தமிழ்ச் சொல் என்ற ஒழுங்கு இல்லாவிட்டால் ஆளுக்கொரு பக்கம் இழுப்போம். மறுப்பவர்கள் காரணத்தோடு மறுக்கவும்.

இடப்பிடி:
காரணம் உங்கள் இரண்டாவது எடுத்துக்காட்டிலேயே இருக்கிறது. ‘குறிப்புரையை மாற்று’ என்று படிப்பவர் என்ன நினைப்பார்? எழுதிவைத்த குறிப்புரையைத் திருத்தலாம் போலிருக்கிறது என்று. அந்தக் கட்டளை செய்வதோ வேறு. கர்சர் நிற்கும் நிரல் வரிக்கு முன்னால் // போட்டு, கணினி அதை வெறும் குறிப்பாக எடுத்துக்கொண்டு ஓட்டாமல் விடும்படி செய்கிறது. இன்னொரு முறை அழுத்தினால் // போய்விடும், வரி மீண்டும் ஓடும். குறிப்புரையில் ஓர் எழுத்துகூட மாறுவதில்லை.

அதே மெனுவில் கொஞ்சம் கீழே ‘தேடி மாற்று’ இருக்கிறது. எழுத்துருவை மாற்று, கடவுச்சொல்லை மாற்று, பிடிஎஃபாக மாற்று என்று மாற்று ஏற்கெனவே மூன்று ஷிஃப்டும் வேலை பார்க்கிறது. மெனுவுக்கு வெளியே மாற்றுத் துணி, மாற்றுப் பாதை, பத்தரை மாற்றுத் தங்கம். வன்பொருள் கையேட்டில் ‘டாகிள் சுவிட்ச்’ வந்தால் என்ன செய்வீர்கள்? சுவிட்சைச் சாவி என்று எழுதும் பாடநூல் வழக்கு ஒன்று இருக்கிறதே, அதோடு உங்கள் சொல்லைச் சேர்த்தால் ‘மாற்றுச் சாவி’. பூட்டுக்கடைக்காரர் வெட்டித்தருவார், வாங்கிக்கொள்ளலாம்.

கம்பிக்காரன்:
மாற்றுச் சாவி பிரமாதம். ஆனா ஒண்ணு, டாகிள் சுவிட்ச்ல இருக்கிற டாகிளுக்கும் மெனுல இருக்கிற டாகிளுக்கும் பொருள் ஒண்ணில்லை. அதைப் பிரிக்காம சண்டை போட்டா முடிவே வராது.

டாகிள்ங்கிறது முதல்ல கப்பல்காரங்க சொல்லு. கயித்துக் கண்ணியில குறுக்கே செருகுற சின்னக் கட்டை, கயிறு நழுவாம இருக்க. 18-ஆம் நூற்றாண்டு வழக்கு. தடிச்ச குளிர்கோட்டுல பட்டனுக்குப் பதிலா மரக்குச்சி வருதே, அதுக்கும் இதே பேருதான். அப்புறம் இயந்திரக்காரங்க டாகிள் மூட்டுன்னாங்க. முழங்கால் மாதிரி ரெண்டு கை, நடுவுல ஒரு கீல். நடுக்கோட்டைத் தாண்டுற வரைக்கும் எதிர்க்கும், தாண்டிட்டா தானே அந்தப் பக்கம் விழுந்து நின்னுடும்.

சுவிட்சுல நடக்கிறதும் அதேதான். குச்சிக்கு அடியில ஒரு ஸ்பிரிங். நீங்க மெதுவாத் தள்ளினாலும் நடுக்கோட்டைத் தாண்டினதும் ஸ்பிரிங் ‘டக்’குன்னு இழுத்துக்கும். அந்த ‘டக்’ அழகுக்கு இல்லை. முனை மெதுவாப் பிரிஞ்சா நடுவுல தீப்பொறி நின்னு எரியும், முனை கருகும், நாளாக ஆக சுவிட்ச் சுடும். நியூகாசில்ல ஜான் ஹென்றி ஹோம்ஸ் 1884-ல சட்டுனு பிரியுற சுவிட்ச் செஞ்சது இந்தப் பொறியைத் தவிர்க்கத்தான். ஆக, சுவிட்சுல டாகிள்னா ‘மாறி மாறி’ங்கிற பொருளே கிடையாது. ‘நடுவுல நிக்காது’ங்கிறதுதான் பொருள். கணினிக்காரங்க பேரை மட்டும் எடுத்துக்கிட்டாங்க.

நிலா_நிரல்:
கணினிக்காரர்கள் பெயரை மட்டும் எடுத்துக்கொள்ளவில்லை அண்ணே, கூடவே ஒரு புதுப் பொருளையும் வைத்தார்கள்: ‘இப்போது எப்படி இருக்கிறதோ அதற்கு நேர் எதிராக ஆக்கு’. 0 அல்லது 1 என ஒரு நிலையை நினைவில் வைக்கும் மின்சுற்றுக்கு ஃபிளிப்-ஃபிளாப் என்று பெயர்; அதில் டீ ஃபிளிப்-ஃபிளாப் என்ற வகையில் அந்த டீ டாகிளைக் குறிக்கும். டீ உள்ளீட்டை 1-ல் வைத்தால் ஒவ்வொரு துடிப்புக்கும் வெளியீடு 0, 1, 0, 1 எனப் புரளும். இரண்டு துடிப்புக்கு ஒரு முழுச் சுற்று, அதாவது அலைவெண் பாதியாகிறது. குவார்ட்ஸ் கடிகாரத்தின் படிகம் நொடிக்கு 32,768 முறை அதிர்கிறது. இப்படிப் பாதியாக்கும் படிகளை 15 முறை அடுக்கினால் நொடிக்கு ஒரு துடிப்பு. கையில் கட்டிய கடிகாரத்துக்குள் நடப்பது வெறும் டாகிள்தான்.

இதை ஏன் சொல்கிறேன் என்றால், ‘மாற்று’ என்ற சொல்லில் ‘எதாக?’ என்ற கேள்வி தொக்கி நிற்கிறது. டாகிளில் அந்தக் கேள்வியே எழாது. விடை ஏற்கெனவே இருக்கும் நிலைக்குள் இருக்கிறது. அதனால்தான் அது ஆபத்தானதும்கூட. ‘போடு’ என்ற கட்டளையைப் பத்து முறை அனுப்பினாலும் விளக்கு எரிந்துகொண்டுதான் இருக்கும். ‘டாகிள்’ என்று இரண்டு முறை போனால் கதை கந்தல். வலைத்தொடர்பு விட்டுவிட்டு வரும்போது செயலி அதே கட்டளையைத் திரும்ப அனுப்பும், போட்ட விளக்கு அணையும். பட்டனிலும் இதே தொல்லை உண்டு. ஒருமுறை அழுத்தினாலும் முனைகள் சில மில்லிநொடிக்குத் துள்ளும், சாதனத்துக்குள் இருக்கும் நுண்கட்டுப்படுத்திச் சில்லு அதை நாலைந்து அழுத்தலாக எண்ணும். இரட்டைப்படையில் எண்ணினால் ஒன்றுமே நடக்காததுபோல் இருக்கும். முதல் தொடுகைக்குப் பிறகு 20 மில்லிநொடி காத்திருந்து மறுபடி படித்தால் சரியாகும். வலைப்பக்க நிரல்மொழியான ஜாவாஸ்கிரிப்டில், ஓர் உறுப்பின்மேல் வகைப்பெயர் ஒன்றைச் சேர்த்து நீக்கும் கிளாஸ்லிஸ்ட் டாகிளில் உண்மை/பொய் என இரண்டாவது மதிப்பு ஒன்றைக் கொடுக்க வழிவைத்திருப்பதும் இதற்குத்தான். அதைக் கொடுத்தால் அது டாகிள் இல்லை, ‘இப்படி வை’ என்ற கட்டளை.

ஆகவே ‘நிலைமாற்று’ என்பது என் பரிந்துரை.

இடப்பிடி:
நிலைமாற்றம் என்றால் பனிக்கட்டி தண்ணீராவது. இயற்பியல் நூல்கள் அந்தச் சொல்லை எப்போதோ எடுத்துக்கொண்டுவிட்டன.

வல்லிபுரத்தான்:
இலங்கைப் பாடப்புத்தகங்களில் சுவிட்சுக்கு ‘ஆளி’ எண்டுதான் இருக்கு, எங்கட பிள்ளையள் அதைத்தான் படிக்கினம். எனவே மாற்றுச் சாவிப் பகிடி எங்களுக்குப் பொருந்தாது. ஆனால் நான் சொல்ல வந்தது வேற.

தமிழில ‘ஒன்’, ‘ஓஃப்’ இரண்டுக்கும் பொதுவான ஒரு சோடி வினை இல்லை. பொருளைப் பார்த்துத்தான் வினை வரும். விளக்கைக் கொளுத்துவம், நூர்ப்பம். அங்கால நீங்கள் ஏற்றுவீங்கள், அணைப்பீங்கள். விசிறியைப் போட்டு நிற்பாட்டுவம், அணைக்கிறேல்ல. தண்ணீர்க் குழாயைத் திறந்து பூட்டுவம். ‘போடு’ ஓரளவுக்கு எல்லாத்துக்கும் ஒத்துவரும். எதிர்ச்சொல்தான் ஒவ்வொண்டுக்கும் ஒவ்வொண்டு. இப்பிடி இருக்கிற மொழியில, சோடியே ஒண்டாக இல்லாதபோது, சோடிக்கிடையில தாவுற வினை மட்டும் ஒண்டாக எப்பிடி வரும்? சொல்லேர் ஐயா ஒரு சொல் தேடுறது அதனாலதான் சரிவருகுதில்லை.

சொல்லேர்:
வல்லிபுரத்தார் சொல்வது அழகான வாதம். ஆனால் அது என் பக்கம்தான் சாய்கிறது. சோடி வினைகள் சிதறிக் கிடப்பதால்தான் அவற்றுக்கு மேலே ஒரு பொதுச்சொல் வேண்டும். ஆங்கிலம் கயிற்றுக் கட்டைக்கும் சுவிட்சுக்கும் மெனுவுக்கும் ஒரே சொல்லை வைத்துக்கொண்டு நிம்மதியாக இருக்கிறது. நமக்கு மட்டும் ஏன் ஏழு? ‘திருப்பு’ எப்படி? தோசையைத் திருப்பிப் போட்டால் மறுபக்கம், இன்னொருமுறை திருப்பினால் பழைய பக்கம். நிலா_நிரல் சொன்ன இலக்கணம் அப்படியே பொருந்துகிறது.

இடப்பிடி:
தோசைக்குப் பொருந்துகிறது, ஒப்புக்கொள்கிறேன். ‘பக்கப்பட்டையைத் திருப்பு’ என்றால் இடதில் இருப்பது வலதுக்குப் போகும் என்று பயனர் காத்திருப்பார். அடுத்து யாராவது ‘புரட்டு’ என்பார், அதில் பொய்யும் சேர்ந்து வரும். ‘மாறாட்டு’ என்பார், ஆள்மாறாட்ட வழக்காகிவிடும்.

பொதுச்சொல் தேடும் ஆசையில் சரத்தின் அமைப்பை யாரும் பார்க்கவில்லை. ‘டாகிள்’ என்ற சொல்லுக்குப் பின் ஓர் இடப்பிடி, அதில் நிரல் ஓடும்போது சாதனத்தின் பெயர் வந்து உட்காரும். நீங்கள் ‘(இடப்பிடி)-ஐ மாற்று’ என்று எழுதுகிறீர்கள். திரையில் வருவது: புளூடூத்-ஐ மாற்று, வைஃபை-ஐ மாற்று, இருப்பிடம்-ஐ மாற்று. தமிழில் அது புளூடூத்தை, வைஃபையை, இருப்பிடத்தை. ஒன்றில் ஒற்று இரட்டிக்கிறது, ஒன்றில் யகரம் வருகிறது, ஒன்றில் அத்துச் சாரியை வருகிறது. நிரலுக்கு இது எதுவும் தெரியாது. மூன்றையும் கையால் திருத்தி எழுதினாலும் ‘இருப்பிடத்தை மாற்று’ என்பது வீட்டைக் காலிபண்ணச் சொல்வதாகத்தான் கேட்கும்.

வேற்றுமை உருபே வராதபடி எழுதுங்கள். பெயரை முதலில் விட்டு, முக்காற்புள்ளி வைத்து, பிறகு நிலை. ‘புளூடூத்: ஆன்/ஆஃப்’. ‘இருப்பிடம்: ஆன்/ஆஃப்’. வினையே வேண்டாம்.

சொல்லேர்:
அதற்குத் தமிழாக்கம் என்று பெயரா?

கம்பிக்காரன்:
வீட்டுல ஆன் பண்ணு, ஆஃப் பண்ணுன்னு சொல்லாதவங்க கையைத் தூக்குங்க.

மாடிப்படி சுவிட்சையும் கொஞ்சம் யோசிங்க. மேல ஒண்ணு, கீழ ஒண்ணு, ரெண்டும் டூவே, அதாவது காமன் முனையை மத்த ரெண்டு முனையில ஏதாவது ஒண்ணோட சேர்க்கிற மூணு முனை சுவிட்ச். பேஸ் கம்பி முதல் சுவிட்சோட காமன் முனைக்கு, ரெண்டாவது சுவிட்சோட காமன்ல இருந்து விளக்குக்கு, மிச்சம் இருக்கிற ரெண்டு ரெண்டு முனைகளுக்கு நடுவுல ரெண்டு கம்பி. அவ்வளவுதான். இதுல எந்தச் சுவிட்சிலயும் ஆன் பக்கம்னு ஒண்ணு கிடையாது. சுவிட்ச் மேல பார்க்குதா கீழ பார்க்குதான்னு வச்சு விளக்கு எரியுதான்னு சொல்ல முடியாது. மெனு டாகிள்னு நீங்க சொல்றது நிஜமா இதுதான், குச்சி சுவிட்ச் இல்லை.

காமன் முனையை மாத்திக் கொடுத்தா என்ன ஆகும்னும் பாருங்க. பேஸைப் பக்கத்து முனையில கொடுத்து, காமனை நடுக்கம்பில விட்டுட்டா, ரெண்டு சுவிட்சும் ஒரு குறிப்பிட்ட பக்கம் இருந்தாத்தான் விளக்கு எரியும். மேல அணைச்சா கீழ எத்தனை தட்டுத் தட்டினாலும் எரியாது. ‘பல்பு போச்சு’ன்னு பல்பை மாத்திக்கிட்டே இருப்பாங்க.

நிலா_நிரல்:
அண்ணன் வயரிங்கில் சொன்னது கணினித் தர்க்கத்தில் எக்ஸ்-ஆர்: எந்த ஒன்றைப் புரட்டினாலும் விடை புரளும். தப்பாகக் கொடுத்ததும் அது ஆண்ட் ஆகிவிடுகிறது: இரண்டும் சேர்ந்து இருந்தால்தான் விடை வரும். சரியாக அமைந்த சுற்றில் மூன்றாவது இடத்திலும் சுவிட்ச் வேண்டுமென்றால் நடுவில் நாலு முனை கொண்ட இன்டர்மீடியட் வைத்தால் போதும். எங்கிருந்து தட்டினாலும் நிலை புரளும்.

இதிலிருந்து ஒன்று தெளிவாகிறது. தட்டுகிற இடத்தில் நிலை தெரியாது, அதனால் வேறெங்காவது தெரிந்தாக வேண்டும். மாடிப்படியில் விளக்கே நிலையைக் காட்டிவிடுகிறது. திரையில் பட்டனின் எழுத்துதான் காட்ட வேண்டும், தமிழாக்கத்தில் பெரிய பிழை நடப்பதும் அங்கேதான். ‘ஒலி நிறுத்தம்’ என்று ஒரு பட்டன் இருந்தால், ஒலி இப்போது நின்றிருக்கிறது என்கிறதா, அழுத்தினால் நிற்கும் என்கிறதா? ஏவலாக ‘ஒலியை நிறுத்து’ என்று எழுதினால் செயல். ‘ஒலி நின்றுள்ளது’ என்றால் நிலை. தொழிற்பெயர் இரண்டுக்கும் நடுவில் தொங்கும். தமிழாக்கங்களில் அந்தத் தொழிற்பெயரைத்தான் அதிகம் பார்க்கிறோம்.

திரையில் இருப்பதைப் படித்துச் சொல்லும் திரைவாசிப்பான் வைத்திருப்பவருக்கு இது இன்னும் மோசம். அழுத்தப்பட்ட நிலையைச் சொல்லும் ‘ஏரியா-பிரெஸ்டு’ என்ற குறி பட்டனில் இருந்தால், பட்டனின் பெயர் எந்த நிலையிலும் மாறக்கூடாது என்பது வழிகாட்டுதல். பெயரையும் மாற்றி, குறியையும் வைத்தால் ‘ஒலியைப் போடு, அழுத்தப்பட்டது’ என்று காதில் விழும். ஒலி இருக்கிறதா இல்லையா? ஒன்று பெயர் மாறட்டும், இல்லை குறி மாறட்டும், இரண்டும் சேர்ந்து வேண்டாம்.

வல்லிபுரத்தான்:
அப்ப சரத்துக்குச் சரம் பார்த்து எழுதுறதுதான் வழி. பக்கப்பட்டைக்குக் ‘காட்டு/மறை’. குறிப்புரைக்கு ‘குறிப்புரையாக்கு/நீக்கு’. முழுத்திரைக்கு ‘முழுத்திரை’ எண்டு பெயரை மட்டும் விட்டு, பக்கத்தில சரிக்குறி. சரிக்குறி இருந்தால் முழுத்திரை, இல்லையெண்டால் இல்லை.

சொல்லேர்:
காட்டு/மறை நன்றாக இருக்கிறது, எடுத்துக்கொள்கிறேன். குறிப்புரையில் ‘மாற்று’ தவறு என்பதையும் ஏற்கிறேன். ‘குறிப்புரையாக்கு/நீக்கு’ மட்டும் ஒத்துவராது. ‘நீக்கு’ என்றால் வரியே அழிந்துவிடும் என்று பயந்து யாரும் தொடமாட்டார்கள். ‘குறிப்புரையாக்கு/விடுவி’ என்று வைக்கிறேன். கோப்பில் ‘டாகிள்’ மட்டும் தனிச்சொல்லாக வரும் இடத்தில், மூலத்தில் சூழல் குறிப்பு கேட்டு வாங்கிய பிறகே எழுதுவோம்.

ஆனால் ஓர் இடத்தில் மாற்றை விடமாட்டேன். விசைப்பலகை மொழிக்கு ‘மொழி மாற்று’. அங்கே ஆங்கிலம் போய்த் தமிழ் வருகிறது, மறுபடி தட்டினால் ஆங்கிலம். உண்மையாகவே மாறுகிறது.

இடப்பிடி:
இரண்டே மொழி இருக்கும்வரை சரி. விண்டோசில் ஆங்கிலப் பலகை, தமிழ்99, இன்ஸ்கிரிப்ட் என்ற இரண்டு தமிழ்ப் பலகைகள், ஆக மூன்றையும் ஏற்றிவைத்து விண்டோஸ் விசையோடு ஸ்பேஸைத் தட்டிப் பாருங்கள். இரண்டாவது தட்டில் ஆங்கிலத்துக்குத் திரும்பாது, மூன்றாவது பலகைக்குப் போகும். அது டாகிள் இல்லை, சுற்று. தொலைபேசியில் மணி, அதிர்வு, அமைதி என்று மூன்றாகப் போகிறதே, அதுவும் இந்த வகைதான். ‘அடுத்த விசைப்பலகை’ என்று எழுதுங்கள், எத்தனை ஏற்றியிருந்தாலும் பொய்யாகாது.

சொல்லேர்:
கேப்ஸ் லாக்?

இடப்பிடி:
தமிழ் எழுத்தில் பெரியது சின்னது கிடையாது. தமிழ்99 ஓடும்போது அந்த விளக்கு எரிந்தால் எந்தச் சொல் போட்டாலும் பயனில்லை. ‘கேப்ஸ் லாக்: ஆன்’ என்று விட்டுவிடுங்கள்.

கம்பிக்காரன்:
ஆன்னு எழுதிட்டாரே! சொல்லேர் பாத்துக்குங்க.