மயங்குருச் சிற்றினம்: உண்ணி வரைபடத்துக்கு ஒரு சொல்

அன்பு நண்பர்களுக்கு,

எந்த உண்ணி எங்கே காணப்படுகிறது என்று காட்டும் நம் வரைபடத்துக்காக, பார்வைக்கு ஒன்றுபோல் இருந்து, உண்மையில் வெவ்வேறாக உள்ள சிற்றினங்களைக் குறிக்க மூன்று சொற்கள் இந்த இழையில் வந்துள்ளன: மறைசிற்றினம், போலிச் சிற்றினம், உடன்பிறப்பினம். மூன்றிலும் எனக்கு உடன்பாடில்லை. ஏன் என்பதைப் பழுப்பு நாய் உண்ணியை வைத்தே சொல்லிவிடலாம்.

பிரெஞ்சு விலங்கியலாளர் லத்ரேய் 1806இல் இந்த உண்ணிக்கு இட்ட பெயர்தான் இன்றுள்ள ரைப்பிசெபாலஸ் சாங்குவினியஸ். அவர் தந்த விளக்கம் மிகச் சுருக்கம். பெயருக்குச் சான்றாக அவர் கையாண்ட உண்ணியோ, அதாவது மூல மாதிரியோ, தொலைந்துபோயிற்று. ஆகவே உலகின் எந்த மூலையில் நாயின் காது மடலில் பழுப்பு உண்ணி அகப்பட்டாலும் இந்தப் பெயரையே சூட்டிவந்தார்கள். மரபணு ஆய்வுகள் வந்த பிறகு, அந்த ஒரே பெயருக்குள் இரண்டு கால்வழிகள், அதாவது தனித்தனி மரபுக் கிளைகள், வெப்பமண்டலக் கால்வழி ஒன்றும் மிதவெப்பக் கால்வழி ஒன்றும் இருப்பது தெரிந்தது. பிரேசில் உண்ணிகளையும் அர்ஜென்டினா உண்ணிகளையும் ஆய்வகத்தில் கலந்தபோது பிறந்த கலப்புச் சந்ததி மலடாக இருந்தது. 2018இல் புதிய மூல மாதிரி ஒன்று நிறுவப்பட்டு, பழைய பெயர் மிதவெப்பக் கால்வழிக்கு உரியதாயிற்று. 2021இல் வெப்பமண்டலக் கால்வழிக்கு ரைப்பிசெபாலஸ் லின்னேயி என்று, 1826ஆம் ஆண்டின் பழம்பெயர் ஒன்றைத் தூசு தட்டி எடுத்துக் கொடுத்தார்கள்.

> "மறைசிற்றினம்" சுருக்கமாக இருக்கிறது, அதிலேயே நிற்போமே.

சுருக்கம் சரி. ஆனால் இங்கே மறைந்திருப்பது யார்? உண்ணி எதையும் மறைக்கவில்லை. நம் கண்தான் தடுமாறுகிறது. மேலும் "மறைந்த சிற்றினம்" என்று யாராவது எச்சமாக்கிவிட்டால், அழிந்துபோன உயிரினம் என்றே வாசகர் கொள்வார். "போலி" இன்னும் மோசம்: இரண்டில் எது அசல் என்ற கேள்வியை எழுப்பிவிடும். உடன்பிறப்பினம் என்பதோ உறவைப் பற்றிய கூற்று. உருவம் ஒத்தவை நெருங்கிய உறவாகத்தான் இருக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை.

தடுமாற்றம் எங்கே நிகழ்கிறது என்பதைச் சற்று நெருங்கிப் பார்ப்போம். ஆண் உண்ணியை நுண்ணோக்கியின் கீழ் மல்லாத்திக் கிடத்தினால், நான்காம் காலுக்குப் பின்னால் மூச்சுத்துளைத் தட்டு தெரியும். அதிலிருந்து முதுகுப் பக்கமாக ஒரு வால் நீள்கிறது. அது ஒடுங்கியதா, அருகிலுள்ள விளிம்பு மடிப்பின் அகலத்துக்கு விரிந்ததா என்பதைப் பார்த்துத்தான் சாங்குவினியஸையும் அதைப் போலவே தோன்றும் ரைப்பிசெபாலஸ் டுரானிகஸையும் பிரித்துவந்தார்கள். நன்றாக வளர்ந்த ஆணிடம் இது தெளிவாகத் தெரியும். இளம்பருவத்தில் அரைவயிறு உண்டு குறுகிப்போன ஆணிடம் இதை நம்ப முடியாது. இரத்தம் குடித்து ஆமணக்கு விதைபோல் உப்பிய பெண்ணிடம் எல்லாமே இழுபட்டுத் திரிந்திருக்கும். தோலிலிருந்து வெடுக்கென்று பிடுங்கியதில் வாயுறுப்பு முறிந்துவிட்டால் இன்னொரு அடையாளமும் போயிற்று.

ஆகவே நான் முன்வைக்கும் சொல்: மயங்குருச் சிற்றினம். மயங்கு + உரு. ல, ள, ழ ஆகியவற்றை மயங்கொலி என்கிறோம். அவை ஒரே ஒலி என்று அதற்குப் பொருளில்லை. செவி தடுமாறும் என்பதே பொருள், பயின்ற செவி பிரித்தறியும். இங்கும் அப்படியே. அம்ப்ளியோமா கஜென்னென்ஸே என்ற ஒரே பெயரில் கிடந்த வேறொரு உண்ணியை 2014இல் ஆறு சிற்றினங்களாகப் பிரித்தபோது, மரபணுவோடு உருவ வேறுபாடுகளையும் காட்டினார்கள். முதலிலேயே "பிரிக்கவியலா" என்று பெயர் வைத்திருந்தால் அன்றே அந்தச் சொல் பொய்த்திருக்கும்.

> "மயங்கினம்" என்றால் இன்னும் சிறிதாகுமே?

ஆகும். ஆனால் பழைய செய்யுள் நடையில் அது "நாம் மயங்கினோம்" என்று பொருள்படும் வினைமுற்று! ஆய்வாளரின் நிலைமைக்குப் பொருத்தம்தான், கலைச்சொல்லுக்கு ஆகாது.

இந்தச் சொல்லுக்கு உண்மையான சோதனை வரைபடத்தில்தான். எர்லிக்கியா கேனிஸ் என்ற நாய்க் காய்ச்சல் கிருமியை வெப்பமண்டலக் கால்வழி பரப்பியது. மிதவெப்பக் கால்வழி ஆய்வகச் சோதனையில் பரப்பவில்லை. இரண்டையும் ஒரே நிறப் புள்ளியாகக் குறித்த வரைபடத்தைக் கால்நடை மருத்துவர் எதற்கு நம்புவது? சராசரி ஆண்டு வெப்பநிலை 20 பாகை செல்சியஸுக்கு மேலுள்ள இடங்களில் வெப்பமண்டலக் கால்வழியும், அதற்குக் குறைந்த இடங்களில் மற்றதும் காணப்படுவதாக ஆய்வு உண்டு. அதைக் கையில் வைத்துக்கொண்டு பழைய பதிவுகளையெல்லாம் இடத்தைப் பார்த்தே பிரித்துவிடலாம் என்று தோன்றும். கூடாது. 20 பாகைக் கோட்டால் பிரித்த புள்ளிகளைக் கொண்டு அதே கோட்டை மெய்ப்பிப்பது சுற்றிச் சுற்றி வரும் வேலை. தவிர, இந்த உண்ணி வீட்டுக்குள்ளும் நாய்க்கூண்டிலும் வாழ்வது. நாயோடு கப்பலும் ஏறும்.

எனவே வரைபடக் குறிவிளக்கத்துக்கு இரண்டு அடைகள் வேண்டும். கால்வழி அறியப்படாத பழைய பதிவு "விரிபொருளில்"; மரபணுவாலோ ஐயமற்ற உருவக்கூறாலோ உறுதியானது "செறிபொருளில்". மயங்குருக்களின் கூட்டத்துக்கு "மயங்குருத் தொகுதி" போதும்.

ஓர் எச்சரிக்கை. கால்வழி என்ற சொல்லைச் சிற்றினத்துக்கு ஈடாக வழங்கக் கூடாது. 1979இல் ஐக்சோடஸ் டாமினி என்று தனிச் சிற்றினம் ஆக்கப்பட்ட ஓர் உண்ணி, 1993இல் ஐக்சோடஸ் ஸ்காபுலாரிஸுடன் மீண்டும் சேர்க்கப்பட்டது. மைட்டோகாண்ட்ரியா மரபணு தாய்வழியாக மட்டும் வருவது. அதில் தெரியும் பிளவை உட்கருவின் மரபணுக்களும் ஒப்புக்கொள்ளும் வரை "கால்வழி" என்றே எழுதுவோம்.

"செறிபொருள்" எனக்கே முழு நிறைவு தரவில்லை. "செம்பொருள்" என்று எழுத ஆசை, ஆனால் அதற்குச் சமயப் பொருளும் உண்டு. இதைவிடப் பொருத்தமானது இருந்தால் சொல்லுங்கள், குறிவிளக்கத்தில் மாற்றிவிடுகிறேன்.