வர்த்தகத் திறப்பு வளர்ச்சியைத் தருகிறதா, வளர்ச்சிதான் வர்த்தகத்தைப் பெருக்குகிறதா?

கேள்வி – ஆய்வு மாணவி

அனைவருக்கும் வணக்கம். வளரும் நாடுகளின் பொருளாதார வளர்ச்சியில் வர்த்தகத் திறப்புக்கு, அதாவது ஒரு நாடு வெளிநாட்டு வர்த்தகத்துக்குத் தன்னைத் திறந்துவிடுவதற்கு, என்ன பங்கு என்பதே என் முதுகலை ஆய்வேட்டின் பொருள். ஏற்றுமதியையும் இறக்குமதியையும் கூட்டி, மொத்த உள்நாட்டு உற்பத்தியால் வகுத்துக் கிடைக்கும் விகிதத்தைத் திறப்பின் அளவுகோலாக எடுத்துக்கொண்டேன். அதை வைத்துப் பார்த்தால் வளர்ச்சியோடு நல்ல தொடர்பு தெரிகிறது; அதே நாடுகளுக்குச் சராசரி இறக்குமதி வரியை வைத்துப் பார்த்தால் அந்தத் தொடர்பு ஏறக்குறைய மறைந்துவிடுகிறது. படிக்கும் கட்டுரைகளும் இரு தரப்பாகவே நிற்கின்றன. ஒரு சாரார் ஏற்றுமதியோடு வேகமாக வளர்ந்த தென்கொரியாவைக் காட்டுகிறார்கள்; மறு சாரார், 1994இல் வட அமெரிக்கத் தடையற்ற வர்த்தக ஒப்பந்தத்தில் சேர்ந்து ஏற்றுமதியைப் பல மடங்கு பெருக்கிய பின்னும் மெக்சிகோவின் தனிநபர் வருமானம் ஆண்டுக்குச் சுமார் ஒரு சதவீதமே வளர்ந்ததைக் காட்டுகிறார்கள். வரியைக் குறைத்தால் வளர்ச்சி வரும் என்று ஓர் அரசுக்குப் பரிந்துரைக்கும் அளவுக்கு ஆதாரம் இருக்கிறதா?

பதில் – பொருளியல் ஆசிரியர்

உங்கள் இரண்டு அளவுகோல்களும் வெவ்வேறு பொருள்களை அளக்கின்றன. எனவே அவை ஒத்துப்போகாததில் வியப்பில்லை. வரி என்பது அரசு எடுக்கும் முடிவு. விகிதமோ பல காரணங்கள் சேர்ந்து உண்டாக்கும் விளைவு. எண்ணெய் விலை ஏறினால், கொள்கையில் ஓர் எழுத்துகூட மாறாமலே எண்ணெய் ஏற்றுமதி நாட்டின் விகிதம் உயரும். நாணய மதிப்பு சரிந்தால், உள்நாட்டு நாணயத்தில் கணக்கிடும்போது ஏற்றுமதியும் இறக்குமதியும் ஒருசேரப் பெருத்துத் தெரியும். அதாவது நெருக்கடியில் தவிக்கும் நாடு திடீரெனத் "திறந்த" நாடாகிவிடும். சிங்கப்பூரின் விகிதம் 300 சதவீதத்தைத் தாண்டுவதற்கு, உள்ளே வந்த சரக்கே மறுஏற்றுமதியாக வெளியே போவதும் ஒரு காரணம்.

அடுத்தது காரண காரியச் சிக்கல். செல்வம் பெருகும் நாடு இயல்பாகவே அதிகம் வாங்கும், அதிகம் விற்கும். இதைப் பிரித்தறிய ஃபிராங்கல், ரோமர் என்ற பொருளியலாளர்கள் இருவரும் 1999இல் நாடுகளுக்கு இடையிலான தூரம், பரப்பளவு போன்ற புவியியல் கூறுகளைப் பயன்படுத்தினார்கள். வர்த்தகம் வருமானத்தை உயர்த்துகிறது என்ற முடிவு கிடைத்தது. ஆனால் புவியியல் வர்த்தகத்தை மட்டுமா தீர்மானிக்கிறது? நோய்கள், மண்வளம், ஆட்சியமைப்பு வழியாகவும் அது வருமானத்தைத் தொடுகிறது என்ற மறுப்பு எழுந்தது. பூமத்திய ரேகையிலிருந்து ஒரு நாடு உள்ள தூரத்தையும் கணக்கில் சேர்த்தவுடன் அந்த முடிவு தளர்ந்துவிட்டது.

இந்த மறுப்பைக் கடந்து நிற்பதாக நான் மதிப்பது சூயஸ் கால்வாயை வைத்துப் பொருளியலாளர் ஜேம்ஸ் ஃபேரர் செய்த ஆய்வு. 1967ஆம் ஆண்டுப் போரில் மூடப்பட்ட கால்வாய் 1975இல்தான் திறந்தது. மும்பையிலிருந்து லண்டனுக்குச் சுமார் 6,200 கடல் மைலாக இருந்த கடல்வழி, ஆப்பிரிக்காவைச் சுற்றிப் போகவேண்டியதால் 10,000 கடல் மைலுக்கு மேல் நீண்டது. மண்ணோ ஆட்சியமைப்போ மாறவில்லை. தூரம் மட்டும் மாறியது. வழி நீண்ட நாடுகளில் வர்த்தகம் குறைந்தது, வருமானமும் குறைந்தது. ஆகவே வர்த்தகம் வருமானத்தை உயர்த்துகிறது என்று துணிந்து எழுதலாம். ஆனால் கப்பல் வழி குறுகுவதும் வரி குறைவதும் ஒன்றல்ல. உங்கள் கடைசிக் கேள்விக்கு இது மட்டும் விடையாகாது.

நாடுகளைத் திறந்தவை, மூடியவை எனப் பிரிக்கச் சாக்ஸ், வார்னர் இருவரும் 1995இல் அமைத்த குறியீட்டை எடுத்தாள நினைத்தால் எச்சரிக்கையாக இருங்கள். ரோட்ரிகஸ், ரோட்ரிக் என்ற பொருளியலாளர்கள் இருவரும் அதைப் பிரித்துப் பார்த்தபோது, அதன் வலிமை பெரும்பாலும் வரிகளிலிருந்து வரவில்லை. அந்நியச் செலாவணியின் கள்ளச்சந்தை விலையிலிருந்தும் அரசின் ஏற்றுமதி ஏகபோகத்திலிருந்துமே வந்தது. அவை வர்த்தகக் கொள்கையைக் காட்டிலும் பொதுவான நிர்வாகச் சீர்கேட்டையே அதிகம் காட்டுகின்றன.

பதில் – ஏற்றுமதி ஆவணப் பணியில் இருந்தவர்

ஆசிரியர் ஐயா சொன்னதோடு ஒன்று சேர்க்க விரும்புகிறேன். சராசரி வரி என்ற ஒற்றை எண்ணுக்குள் மிக முக்கியமான வேறுபாடு ஒளிந்துகொள்கிறது. கடையில் விற்கும் முடிந்த பொருளின் மீதான வரி வேறு. ஆலைக்குள் போகும் மூலப்பொருள், உதிரிபாகம், இயந்திரம் ஆகியவற்றின் மீதான வரி வேறு.

வங்காள தேசத்தின் ஆயத்த ஆடைத் தொழிலைப் பாருங்கள். 1980களில் அந்நாட்டின் பொது வரிகள் மிக உயரத்தில் இருந்தன. ஆனால் ஏற்றுமதி ஆலைக்கு வரும் துணி வரியின்றி பாண்டட் கிடங்குக்குள் (சுங்கக் கண்காணிப்பில் உள்ள கிடங்கு) இறங்கியது. வெளிநாட்டு வாங்குபவர் திறந்த எல்.சி.யையே (சரக்கு அனுப்பிய ஆவணங்களைக் காட்டினால் பணம் தருவதாக வங்கி தரும் உறுதிக் கடிதம்) பிணையாக வைத்து, துணி வாங்க இன்னொரு எல்.சி.யை வங்கி திறந்தது. தைத்த சட்டை கப்பலேறி, பணம் வந்த பிறகு துணிக் கடன் தீர்ந்தது. கையில் முதலீடு குறைந்தவரும் இதனால் ஆலை நடத்த முடிந்தது. 1979இல் அந்நாட்டு ஆடை நிறுவனமான தேஷ் சுமார் 130 பேரைத் தென்கொரியாவில் தேவூ நிறுவனத்திடம் பயிற்சிக்கு அனுப்பியது. அவர்களில் பலர் பின்னர் விலகிச் சொந்த ஆலைகளைத் தொடங்கினார்கள், அல்லது மற்ற ஆலைகளுக்குத் தொழிலைக் கற்றுக்கொடுத்தார்கள். சராசரி வரியை மட்டும் பார்ப்பவருக்கு அது மூடிய நாடு. தையல் ஆலைக்கோ அது திறந்த நாடு. பணக்கார நாடுகளின் இறக்குமதிக் கட்டுப்பாடு மற்ற ஏற்றுமதி நாடுகளைத் தடுத்து வைத்திருந்ததும் வங்காள தேசத்துக்கு உதவியது என்பதை மறைக்கக் கூடாது.

இந்தியாவிலும், 1991இன் பொருளாதாரச் சீர்திருத்தத்துக்குப் பின் நிறுவனங்கள் அறிமுகம் செய்த புதிய பொருள்களில் ஏறத்தாழ 31 சதவீதத்துக்கு உள்ளீட்டு வரிக் குறைப்பே (ஆலைக்குள் போகும் பொருள்கள் மீதான வரிக் குறைப்பு) காரணம் என்று பொருளியலாளர் கோல்ட்பர்க் குழுவினர் கணித்திருக்கிறார்கள். அதுவரை கைக்கு எட்டாத உள்ளீடுகள் கிடைத்ததே முக்கியக் காரணம்.

ஆய்வு மாணவி

இருவருக்கும் நன்றி. அப்படியானால், நாட்டின் மொத்த வருமானம் உயரும்போதும் இழப்பவர்கள் இருப்பார்களே. அதை வளர்ச்சி பற்றிய ஆய்வில் சேர்ப்பது பொருந்துமா?

பதில் – பொருளியல் ஆசிரியர்

கட்டாயம் சேர்க்கவேண்டும், ஏனெனில் அந்த இழப்பு வளர்ச்சியையே தடுக்கக்கூடியது. பாடநூல் கணக்கில், நலிந்த தொழிலை விட்ட தொழிலாளி வளரும் தொழிலுக்குப் போய்ச் சேர்ந்துவிடுகிறார். பொருளியலாளர் பெட்டியா டோபலோவா இந்திய மாவட்டங்களை ஆராய்ந்தபோது அப்படி நடக்கவில்லை. 1990இல் 80 சதவீதத்துக்கு மேல் இருந்த சராசரி வரி சில ஆண்டுகளில் பாதிக்கும் கீழே இறங்கியது. எந்த ஊரகப் பகுதிகளின் தொழில்கள் அந்தக் குறைப்பை அதிகம் எதிர்கொண்டனவோ, அங்கே வறுமை மற்ற இடங்களைவிட மெதுவாகவே குறைந்தது. மக்கள் மாவட்டம் விட்டு மாவட்டம் போவது அரிதாக இருந்தது. உழைப்பு இடம் மாறாத இடத்தில் திறப்பின் பலனும் முழுமையாகக் கிட்டாது.

இன்னொரு தடையும் உண்டு. ஏழை நாட்டரசுகள் பலவற்றுக்கு, வசூலிக்க எளிது என்பதால் சுங்க வரியே முக்கிய வருவாய். அதைக் குறைத்துவிட்டு மாற்று வரியைத் திரட்ட முடியாத அரசு, துறைமுகத்துக்கும் சாலைக்கும் பள்ளிக்கும் செலவிட முடியாமல் போகும்.

எனவே உங்கள் ஆய்வேட்டில் விகிதத்தை ஓர் ஒப்பீட்டுக்கு மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். வரியை முடிந்த பொருள், உள்ளீடு என இரண்டாகப் பிரித்து, மொத்த இறக்குமதியில் இயந்திரங்களின் பங்கைத் தனி மாறியாகச் சேர்த்து மறுபடி கணக்கிட்டுப் பாருங்கள். முடிவுகள் வந்ததும் இங்கேயே பதிவிடுங்கள். உள்ளீட்டு வரிக்கான குணகத்தை (அந்த வரி மாறினால் வளர்ச்சி எவ்வளவு மாறுகிறது என்று காட்டும் எண்) பார்க்க ஆவலாக இருக்கிறேன்.