டப் பற்றரி மத்தியானத்துக்கு முன்பே இறங்கிவிடுகிறது: பற்றரி மாற்றத்தான் வேண்டுமா?

முல்லை ரீச்சர்:
வணக்கம். ஒட்டுசுட்டான் பக்கம் ஒரு சின்னப் பாடசாலையில் விஞ்ஞானம் படிப்பிக்கிறேன். வகுப்பில் புரொஜெக்டர் இல்லை. பத்து அங்குல டப் ஒன்றை மேசையில் நிறுத்தி வைத்துத்தான் படமும் காணொளியும் காட்டுகிறேன். அன்ட்ரொயிட், சிம் போடுகிற வகை. பற்றரியின் கொள்ளளவு 7040 எம்.ஏ.எச். (மில்லி அம்பியர் மணி) என்று பெட்டியில் இருக்கிறது. வாங்கி மூன்று வருசத்துக்கு மேல் ஆகிவிட்டது.

காலையில் 100 காட்டும். பாடசாலைக்குப் போய்ச் சேர்ந்து முதலாம் பாடம் தொடங்குவதற்குள் 85. அதுவரை ஒன்றுமே போட்டுப் பார்ப்பதில்லை, பைக்குள்தான் இருக்கும். இடைவேளைக்கு 50க்கு வந்துவிடும். அப்புறம் 20க்குக் கிட்ட வந்ததும் சொல்லாமல் கொள்ளாமல் நின்றுவிடும். திரும்பப் போட்டால் 11 என்று காட்டும். வெளிச்சத்தைக் கூட்டி வைத்தால்தான் பின் வாங்கில் இருக்கிற பிள்ளைகளுக்குத் தெரியும், அதனால் அதைக் குறைக்க முடியாது.

ரவுணில் ஒரு கடையில் காட்டினேன். திறந்தும் பார்க்காமல் பற்றரி மாற்ற வேண்டும் என்றார்கள். சொன்ன விலை எனக்குக் கட்டாது. பற்றரி உண்மையிலேயே போய்விட்டதா என்று நானே பார்க்க வழி இருக்கிறதா? வகுப்பறையில் பிளக் இல்லை. சைக்கிள் கொட்டிலின் தகரத்துக்கு மேல் ஒரு சின்ன சோலர் பலகை இருக்கிறது, பகலில் அதில்தான் போடுகிறேன்.

கிளிநொச்சி திருத்துநர்:
ரீச்சர், காசு கொடுக்க அவசரப்பட வேண்டாம். நீங்கள் சொன்னதில் இரண்டு கோளாறு இருக்கிறது, இரண்டையும் பிரித்துப் பார்க்க வேண்டும். பைக்குள் கிடந்தபடியே 15 இறங்குவது ஒன்று. அது பெரும்பாலும் பற்றரியின் குற்றம் இல்லை, ஏதோ ஒன்று கரண்டைத் தின்கிறது. 20இல் திடீரென நிற்பது மற்றது. அது பற்றரி பழசானதன் அடையாளமாக இருக்கலாம்.

முதலில் தின்பது எது என்று பாருங்கள். செற்றிங்ஸில் பற்றரி, அதற்குள் பற்றரி பாவனை. மேலே அப்களின் பட்டியல் வரும். பலர் அதோடு விட்டுவிடுவார்கள். அதே இடத்தில் சிஸ்டம் என்று இன்னொரு பட்டியல் இருக்கும், அதையும் திறவுங்கள். மொபைல் நெற்வேர்க் எவ்வளவு சதவீதம் என்று எழுதியிருக்கிறது? அதைச் சொல்லுங்கள், மிச்சத்தைச் சொல்கிறேன்.

புதுக்குடியிருப்பு அம்மா:
என்ர மகளின் டப்பும் இப்படித்தான் இருந்தது ரீச்சர். பின்னணியைக் கறுப்பாக மாற்றச் சொன்னார்கள், ஒரு கிளீனர் அப்பும் போட்டுத் தந்தார்கள். ஒரு வித்தியாசமும் தெரியவில்லை. நீங்கள் அதில் நேரத்தை விடாதீர்கள் என்று சொல்லத்தான் எழுதுகிறேன்.

கிளிநொச்சி திருத்துநர்:
அம்மா சொல்வது சரி. கறுப்புப் பின்னணி ஓலெட் திரையில்தான் மிச்சம் பிடிக்கும். அதில் கறுப்பான புள்ளி எரியாது. விலை குறைந்த டப்களில் இருப்பது எல்.சி.டி. அதற்குப் பின்னால் விளக்கு எப்போதும் எரிந்துகொண்டே இருக்கும், படம் கறுப்பா வெள்ளையா என்று அது பார்க்காது. கிளீனர் அப்பை அழித்துவிடுங்கள். அது மற்ற அப்களை மூடும், அவை திரும்ப எழும்பும், அந்த எழும்பலுக்கே கரண்ட் போகும்.

முல்லை ரீச்சர்:
பார்த்தேன் தம்பி. யூரியூப் இருக்கும் என்று நினைத்தேன், ஆனால் சிஸ்டம் பட்டியலில் மொபைல் நெற்வேர்க்தான் முதலாவது. 34 சதவீதம். திரை அதற்குக் கீழே.

கிளிநொச்சி திருத்துநர்:
அதுதான். உங்கள் பக்கம் சிக்னல் ஒரு கோடு, இரண்டு கோடுதானே? கோபுரம் தூரமென்றால் டப் தன் அலையைக் கூடுதல் வலுவோடு அனுப்ப வேண்டி வரும். சிக்னல் விட்டு விட்டு வந்தால் திரும்பத் திரும்பத் தேடும், 4ஜியிலிருந்து கீழே இறங்கும், பிறகு ஏறும். நீங்கள் தொடாவிட்டாலும் பைக்குள் இந்த வேலை நடந்துகொண்டே இருக்கும். மாங்குளச் சந்தியில் நாள் முழுக்க நிற்கிற பற்றரி, காட்டுப் பக்கம் உள்ளே போனால் பாதி நாளில் முடிவதற்கு இதுதான் காரணம்.

நாளைக்கு வீட்டிலிருந்து கிளம்பும்போதே பிளைட் மோட் போடுங்கள். பாடத்துக்கு வேண்டியதை இரவே இறக்கி வைத்துவிடுங்கள். கல்வி அமைச்சின் ஈ-தக்சலாவ தளத்தில் தமிழ்ப் பாடங்கள் இருக்கின்றன. கல்வி வெளியீட்டுத் திணைக்களத்தின் தளத்தில் பாடப் புத்தகங்கள் பிடிஎஃப் ஆகக் கிடைக்கும். வகுப்பில் இணையம் கட்டாயம் தேவைப்பட்டால், போனில் ஹொட்ஸ்பொட் போட்டு, அதை யன்னல் கரையில் சிக்னல் படுகிற இடத்தில் வைத்து, டப்பில் வைஃபை மட்டும் போடுங்கள். பிளைட் மோடிலேயே வைஃபை வேலை செய்யும்.

மாங்குளம் சோலர்:
ரீச்சர், அந்தத் தகரத்துக்கு மேல் இருக்கிற பலகையைப் பற்றிக் கேட்கலாமா? பலகையிலிருந்து வயர் நேரே டப்புக்கு வருகிறதா, நடுவில் ஏதாவது இருக்கிறதா? சார்ஜ் ஏறும்போது டப் எங்கே இருக்கும்?

முல்லை ரீச்சர்:
நேரேதான் அண்ணை. பலகைக்குப் பின்னால் ஒரு யூ.எஸ்.பி. துளை இருக்கிறது. டப் கொட்டிலுக்குள் மேசையில் இருக்கும்.

மாங்குளம் சோலர்:
அப்போ இரண்டு விசயம். முகில் ஒன்று கடந்து போனால் பலகையின் வோல்ற் விழும், சார்ஜ் அறுந்துவிடும். முகில் விலகத் திரும்ப ஒட்டும். ஒவ்வொரு ஒட்டலுக்கும் திரை எரியும். அரை மணித்தியாலம் நின்று பார்த்தால் உங்களுக்கே தெரியும். ஏறியது பாதி, எரிந்தது பாதி.

மற்றது சூடு. இதைத்தான் நான் கூடுதலாகச் சொல்ல வேண்டும். லித்தியம் அயன் பற்றரிக்குச் சூட்டைப் போல் எதிரி இல்லை. சார்ஜ் ஏறும்போது பற்றரி 45 பாகையைத் தாண்டக் கூடாது. வைகாசி, ஆனி வெயிலில் எங்கள் பக்கம் வெளியே நிழலிலேயே 35ஐத் தொடும். தகரக் கொட்டிலுக்குள் அதைவிடக் கூட. சார்ஜ் ஏறுகிற சூடும் அதோடு சேரும், றப்பர் உறையும் போட்டிருந்தால் சூடு வெளியே போக வழியே இல்லை. 100 வரை நிரப்பி அந்தச் சூட்டில் வைத்திருப்பதுதான் மிகவும் கெடுதி. 20இல் நிற்கிற வருத்தம் அங்கேதான் தொடங்கியிருக்கும்.

சின்னச் செலவில் செய்யக்கூடியது இது. பலகை, சார்ஜ் கொன்றோலர் (பலகையின் கரண்டை அளவாகப் பற்றரிக்கு விடுகிற பெட்டி), ஒரு 12 வோல்ற் பற்றரி, வாகனத்தில் குத்துகிற யூ.எஸ்.பி. சார்ஜர். பகலில் அந்தப் பற்றரி நிரம்பட்டும், டப்பைச் சூடு தணிந்த பிறகு போடுங்கள். உங்கள் டப்பை ஒருமுறை நிரப்ப அதிலிருந்து மூன்று அம்பியர் மணி அளவுதான் போகும், பழைய மோட்டார் சைக்கிள் பற்றரி நல்ல நிலையில் இருந்தாலே காணும். பலகை 12 வோல்ற்றுக்கு உரியதாக இருக்க வேண்டும். உங்களுடையது 5 வோல்ற் மட்டும் தருகிற வகை என்றால் அதை இதற்குப் பாவிக்க முடியாது. 2022 பங்குனிக் கடைசியில் நாளுக்கு 13 மணித்தியாலம் கரண்ட் வெட்டினபோது எங்கள் வீட்டில் போனும் விளக்கும் ஓடியது இப்படித்தான்.

வவுனியா ஏ/எல் தம்பி:
ரீச்சர், அக்குபற்றரி என்றொரு அப் இருக்கிறது. சார்ஜ் ஏறும்போது உள்ளே போகிற கரண்டை எண்ணி, பற்றரியில் இப்போது எவ்வளவு கொள்ளும் என்று கணக்குச் சொல்லும். 20க்குக் கீழிருந்து 90 வரையாவது ஒரே முறையாக ஏற்றினால்தான் கணக்கு ஓரளவு சரியாக வரும். ஒரு நாள் பார்த்துவிட்டு முடிவு எடுக்காதீர்கள், சில நாள் விடுங்கள்.

கிளிநொச்சி திருத்துநர்:
நல்ல யோசனை தம்பி. நானும் ஒன்று சேர்க்கிறேன், ஏனென்றால் இதில் பலர் ஏமாறுகிறார்கள். யூ.எஸ்.பி. மீற்றர் என்று ஒரு சின்னச் சாமான் சார்ஜருக்கும் வயருக்கும் நடுவில் குத்தலாம். அதில் முழுக்க ஏறி முடிய 6000 என்று காட்டும். உடனே, 7040 எங்கே, 6000 எங்கே, பற்றரி போய்விட்டது என்று முடிவு கட்டுவார்கள். பிழை. 7040 என்பது பற்றரியின் சொந்த வோல்ற்றில், அதாவது ஏறத்தாழ 3.85இல். மீற்றர் எண்ணுவது 5 வோல்ற்றில். 7040ஐ 3.85ஆல் பெருக்கினால் 27 வாற் மணி. அதை 5ஆல் வகுத்தால் 5400. ஏறும்போது சூடாக வீணாவதையும் சேர்த்தால் புதுப் பற்றரிக்கே மீற்றரில் 6000 அளவுதான் வரும். வேகச் சார்ஜர் 9 வோல்ற்றில் ஓடினால் அதைவிடக் குறையும். அதனால் எம்.ஏ.எச். பக்கம் பார்க்காமல் வாற் மணியைப் பாருங்கள்.

இன்னொன்று. பழைய போன் சார்ஜர், 5 வோல்ற் 1 அம்பியர், அதில் போடுகிறீர்களா? அது 5 வாற். 27 வாற் மணிக்கு ஆறு மணித்தியாலத்துக்கு மேல் எடுக்கும்.

முல்லை ரீச்சர்:
எல்லாருக்கும் நன்றி. பிளைட் மோட் போட்டுக்கொண்டு போனேன், பாடம் தொடங்கும்போது 99. இடைவேளைக்கு 74. திரை முன்பு போலவே முழு வெளிச்சத்தில்தான் இருந்தது. டப்பைக் கொட்டிலில் வைப்பதையும் விட்டுவிட்டேன். வீட்டில் சீமெந்துத் தரையில் உறையைக் கழற்றி வைத்து இரவில் போடுகிறேன். அக்குபற்றரி 5300 அளவில் காட்டுகிறது. 20இல் நிற்பது மட்டும் இன்னும் இருக்கிறது.

கிளிநொச்சி திருத்துநர்:
5300 என்றால் நான்கில் மூன்று பங்கு மிச்சம். மூன்று வருசச் சூட்டுக்குப் பிறகு அது மோசம் இல்லை. காணொளி காட்ட அது காணும்.

20இல் நிற்பதற்கு இப்படிச் செய்து பாருங்கள். 25க்கு வந்ததும் வெளிச்சத்தைக் குறைத்து, ஒரு பிடிஎஃப் மட்டும் திறந்து வையுங்கள். அப்படி 5 வரை மெதுவாக இறங்கினால் பற்றரியின் உள் தடை கூடிவிட்டது என்று அர்த்தம். பாரமான வேலை கொடுத்தால் வோல்ற் படாரென விழுந்து டப் தன்னைத்தானே நிறுத்திக்கொள்கிறது. சும்மா வைத்தாலும் அதே 20இல் நின்றால், சதவீதம் எண்ணுகிற கணக்குத்தான் தவறியிருக்கும். அதற்கு ஒருமுறை மட்டும் தானாக நிற்கும் வரை விட்டு, இடையில் கழற்றாமல் 100 வரை ஏற்றுங்கள். எண்ணிக்கை சரியாகும். அடிக்கடி செய்ய வேண்டாம், முழுக்க வற்றவிடுவது பற்றரிக்கு நல்லதல்ல.

செற்றிங்ஸில் பற்றரி பாதுகாப்பு என்று இருந்தால் போட்டுவிடுங்கள். 80இலோ 85இலோ ஏறுவதை நிறுத்தும். பிளைட் மோடில் உங்களுக்கு அதுவே காணும்.

முல்லை ரீச்சர்:
பிடிஎஃப் வைத்துப் பார்த்தேன் தம்பி. 6 வரை இறங்கியது. அப்போ உள் தடைதான். 30க்குக் கீழே காணொளி போடுவதில்லை என்று வைத்துக்கொள்கிறேன். இந்தத் தவணை முடியும் வரை ஓடுமா?

கிளிநொச்சி திருத்துநர்:
ஓடும். ஒன்றை மட்டும் கிழமைக்கு ஒருமுறை பாருங்கள். டப்பை மேசையில் தட்டையாக வைத்துப் பக்கவாட்டில் பாருங்கள். முதுகு உப்பியிருந்தாலோ, திரையின் ஓரம் எழும்பி நகம் நுழையும் அளவு இடைவெளி வந்தாலோ அன்றைக்கே நிறுத்துங்கள். சார்ஜ் போட வேண்டாம், அமத்திப் பார்க்கவும் வேண்டாம், பிள்ளைகள் கையில் கொடுக்கவே வேண்டாம். கழற்றின பற்றரியை வளவுக் குப்பையோடு சேர்த்துக் கொளுத்திவிடாதீர்கள், வெடிக்கும். மாற்றுகிற கடையிலேயே கொடுத்துவிடுங்கள்.