ஐஎல்-2 1946: ரெசல்யூஷன் மாத்துனாலும் மாறவே மாட்டேங்குது, அவசரம்

வால்சுழல்: இந்த விமானச் சண்டை கேமோட செட்டிங்ஸ் ஃபைல் கான்ஃப்.ஐஎன்ஐ-ல ரெசல்யூஷனை 1920, 1080னு போட்டு சேவ் பண்ணேன். கேம் இன்னும் 1024x768-லதான் திறக்குது. ஃபைலைத் திறந்து பார்த்தா நான் போட்டது அப்படியேதான் இருக்கு. நாலு தடவை பண்ணிட்டேன். உதவுங்க.

மேகமூட்டம்: எந்த வெர்ஷன்? மெயின் மெனு மூலையில நம்பர் இருக்கும். டிஸ்க்கா, ஸ்டீமா? மாட் (மத்தவங்க செஞ்ச மாற்றம்) ஏதாவது போட்டிருக்கீங்களா?

பழைய_இறக்கை: கிராஃபிக்ஸ் டிரைவர்தான். கேமோட செட்டப் புரோகிராம் ஐஎல்2செட்டப்ல, படம் வரையற முறையை ஓபன்ஜிஎல்-லேர்ந்து டைரக்ட்எக்ஸ்னு மாத்துங்க.

மேகமூட்டம்: டிரைவர் கோளாறுன்னா திரை கருப்பாகும், இல்ல கேம் விழும். பழைய ரெசல்யூஷன்ல ஒழுங்கா ஓடாது. டைரக்ட்எக்ஸ்ல போட்டா 'பெர்ஃபெக்ட்'ங்கற உச்ச காட்சித் தரமும் போயிடும்.

தளபதி_46: இதே கேள்வி இங்க நூறு தடவை வந்தாச்சு. தேடிப் பார்க்கிற பழக்கமே யாருக்கும் இல்ல. கேம் ஓடும்போது ஃபைலைத் திருத்தியிருப்பீங்க; வெளியேறும்போது அது தன் மதிப்பைத் திரும்ப எழுதிடும். அவ்வளவுதான்.

மேகமூட்டம்: அப்படின்னா அவர் போட்டது அழிஞ்சிருக்கணுமே. "அப்படியே இருக்கு"ங்கிறார், கேள்வியைப் படிங்க.

வால்சுழல்: டிஸ்க், 4.12. மாட் இல்ல. புரோகிராம் ஃபைல்ஸ்லதான் இருக்கு. நோட்பேடை அட்மினா திறந்துதான் சேவ் பண்ணேன், இல்லன்னா விடல.

மேகமூட்டம்: அதான் விஷயம். சாதாரணமா ஓடுற பழைய கேமை புரோகிராம் ஃபைல்ஸ்ல எழுத விண்டோஸ் விடாது. எழுதினதா காட்டிட்டு, நகலை யூசர்ஸ் > உங்க பேர் > ஆப்டேட்டா > லோக்கல் > வெர்ச்சுவல்ஸ்டோர்-ல வைக்கும். கேம் படிக்கிறது அந்த நகலை, நீங்க திருத்துறது மூலத்தை. ஆப்டேட்டா மறைவா இருக்கும், மறைந்த கோப்புகளைக் காட்டச் சொல்லுங்க.

மொத்த ஃபோல்டரையும் சி:\கேம்ஸ்\ மாதிரி இடத்துக்கு நகலெடுங்க, ரீஇன்ஸ்டால் வேண்டாம். பிறகு அங்க இருக்கிற கான்ஃப்.ஐஎன்ஐ-ல [விண்டோ] பகுதியில:

விட்த்=1920
ஹைட்=1080
சேவ்ஆஸ்பெக்ட்=0

கடைசி வரி 1-ஆ இருந்தா பழைய 4:3 விகிதத்தையே பிடிச்சு வைக்கும், ரெண்டு பக்கமும் கருப்புப் பட்டை நிக்கும்.

பழைய_இறக்கை: சேவ்ஆஸ்பெக்ட் 0 போடாதீங்க. தெரியற அகலம் அதிகமாகாது, மேலயும் கீழயும்தான் வெட்டுப்படும். 4:3-ல தெரியற உயரத்துல கால்வாசி போச்சு. வளைஞ்சு துரத்தும்போது எதிரி இருக்கறதே மேல்பக்கம்.

தளபதி_46: தலையை நிமிர்த்திப் பார்க்கத்தான் ஜாய்ஸ்டிக்ல பார்வையைத் திருப்புற குட்டி பட்டன், ஹேட் ஸ்விட்ச், இருக்கே.

பழைய_இறக்கை: குறிவைக்கும்போது நிமிர்ந்தா குறிகருவி எங்க?

தளபதி_46: கருப்புப் பட்டையோட பறக்கிறவரோட எனக்கு வாதம் இல்ல.

பழைய_இறக்கை: வாதம் இல்லன்னுட்டு இது ரெண்டாவது பதிவு.

வால்சுழல்: வந்துருச்சு! ஆனா ஜாய்ஸ்டிக் கீ எல்லாம் பழைய நிலைக்குப் போயிடுச்சு, நான் உருவாக்கின பைலட் புரொஃபைலையும் காணோம்??

மேகமூட்டம்: அதுவும் வெர்ச்சுவல்ஸ்டோர்லதான் கிடக்கு. கேமை மூடிட்டு, அங்க கேம் ஃபோல்டருக்குள்ள இருக்கிற யூசர்ஸ் ஃபோல்டரைப் புது இடத்துல இருக்கிறது மேல போடுங்க. நீங்க சேமிச்ச மிஷன்ஸும் அங்க இருந்தா அதையும். கான்ஃப்.ஐஎன்ஐ-யை மட்டும் எடுக்காதீங்க, திரும்ப 1024-தான் வரும்.

வால்சுழல்: ok வந்துடுச்சு