ரூட் செய்த போனில் ஐஎம்இஐ காணாமல் போனது: உங்களுக்கு நடந்ததா?

எனக்கு நடந்தது. ஐஎம்இஐ என்றால் ஒவ்வொரு போனுக்கும் தனித்தனியாக இருக்கும் 15 இலக்க அடையாள எண். மீடியாடெக் சிப் உள்ள பழைய போன், ரூட் செய்து (சிஸ்டத்தையே மாற்றும் முழு அனுமதியை எடுத்து) ஏதோ நோண்டப்போய், திரும்பத் திரும்ப ரீஸ்டார்ட் ஆகும் பூட்லூப்பில் மாட்டிக்கொண்டது. சரி, ஒரிஜினல் ஃபர்ம்வேரையே (கம்பெனி போட்டுத் தரும் சிஸ்டம் சாஃப்ட்வேர்) ஏற்றிவிடலாம் என்று, அதற்கான கம்ப்யூட்டர் டூலான எஸ்பி ஃபிளாஷ் டூலைத் திறந்தேன். ‘டவுன்லோட் ஒன்லி’ இருக்க வேண்டிய இடத்தில் எல்லாவற்றையும் அழிக்கும் ‘ஃபார்மேட் ஆல்’ இருந்ததைக் கவனிக்கவில்லை. போன் புத்தம் புதுசாக எழுந்தது, டவர் மட்டும் இல்லை. *#06# அடித்தால் எண் வரவேண்டிய இடம் காலி. வைஃபையைத் திறந்தால் ‘என்விராம் வார்னிங்’ என்று ஒரு பெயர், பக்கத்து வீட்டு ரவுட்டர் மாதிரி பட்டியலில் உட்கார்ந்திருந்தது.

போனது 15 இலக்க எண் மட்டும் என்றுதான் முதலில் நினைத்தேன். வைஃபை, புளூடூத் முகவரிகளும், தொழிற்சாலையில் அந்த ஒரு போனுக்கென்றே அளந்து வைத்த ரேடியோ கேலிபரேஷனும் (சிக்னலுக்கான நுண் அளவுகள்) என்விராம் என்ற அந்த மெமரிப் பகுதியில்தான் இருக்கின்றன. ஃபர்ம்வேர் ஃபைலில் அதெல்லாம் வராது.

நண்பனிடமும் அதே மாடல். “என் பேக்கப்பைப் போட்டுக்கோடா” என்றான். கை அரித்தது. போட்டிருந்தால் ஒரே எண்ணில் இரண்டு போன். அவன் போன் திருடுபோய் பிளாக் செய்தால் என்னுடையதும் சேர்ந்து சாகும். கடைசியில் பெட்டியையும் பில்லையும் தூக்கிக்கொண்டு சர்வீஸ் சென்டருக்குப் போனேன். போனை எழுப்பும் பூட்லோடரின் பூட்டு திறந்திருப்பதைப் பார்த்ததும் வாரண்டி கிடையாது என்றுவிட்டார்கள். காசு வாங்கிக்கொண்டு பெட்டியில் இருந்த எண்ணையே எழுதிக் கொடுத்தார்கள். டவர் வந்தது. ஆனால் முன்பு நாலு கோடு காட்டிய அறையில் இப்போது இரண்டுதான்.

*

எனக்கு குவால்காம் சிப் உள்ள போனில் இதே கதை, ப்ரோ. ரூட் செய்த அன்றே அதில் ஐஎம்இஐ இருக்கும் மோடம்எஸ்டி1, மோடம்எஸ்டி2 என்ற மெமரிப் பகுதிகள் இரண்டையும் டிடி என்ற காப்பி கமாண்டால் எடுத்து கம்ப்யூட்டரில் வைத்திருந்தேன், திருப்பிப் போட்டதும் சரியாகிவிட்டது. கூத்து அதற்கு முன்னால் நடந்தது. பேக்கப் இருப்பதையே மறந்து, ‘ஒரே கிளிக்கில் ஐஎம்இஐ’ என்று கிடைத்த டூலை ஆன்டிவைரஸை அணைத்துவிட்டு ஓட்டினேன். எண் வரவில்லை, மெயில் பாஸ்வேர்டு போனது.

*

பெட்டியில் உள்ள எண்ணைத் தவிர வேறு எதையும் எழுதிவிடாதீர்கள். கடைசி இலக்கம் முதல் 14-ஐ வைத்துக் கணக்கிட்டு வருவது. வாய்க்கு வந்த எண் அங்கேயே இடிக்கும். இடிக்காவிட்டால் இன்னும் மோசம், அது வேறு யாருடைய போனாகவோ இருக்கலாம். எண்ணை மாற்றுவதே குற்றம் என்று பல நாடுகளில் சட்டம் இருக்கிறது. பெட்டியை எப்போதோ குப்பையில் போட்டவர்கள் சிம் ட்ரேயை வெளியே எடுத்துப் பாருங்கள், சில மாடல்களில் அதிலேயே பொடி எழுத்தில் பொறித்திருப்பார்கள்.