ஆர்மீனிய இயக்குநர் ஹமோ பெக்-நசரோவ் படங்கள்: உங்களை விடாமல் பிடித்த காட்சி எது?

பதிவு 1

'நமூஸ்' பார்த்து மூன்று வாரம் ஆகிறது, இன்னும் மனசை விட்டுப் போகவில்லை. 1925-ல் எடுத்த ஊமைப்படம், ஆர்மீனியாவின் முதல் கதைப்படம் என்பதெல்லாம் இங்கே எல்லாருக்கும் தெரியும். எனக்கு ருஸ்தம்தான். மனைவி சூசனைப் பற்றி ஒரு பேச்சு காதில் விழுகிறது. நேரே வீட்டுக்கு வருகிறான். ருஸ்தமாக நடித்த ஹ்ராச்சியா நெர்சிசியானின் அந்தக் கண்கள்! பக்கத்து அறையில் குழந்தை தூங்குகிறதே என்று சத்தத்தைக் குறைக்க ரிமோட்டைத் தேடினேன். படத்தில் சத்தமே இல்லை என்பது அப்புறம்தான் உறைத்தது.

பதிவு 2

ருஸ்தம் மேல் மட்டும் பழி போடாதீர்கள். அந்தப் பொய்யைச் சொன்னது யார்? அவளைக் காதலித்த சேய்ரான். தனக்கு நிச்சயமான பெண்ணைச் சேய்ரான் கல்யாணத்துக்கு முன்னால் பார்த்தான் என்பதற்காக உறவையே முறித்தது யார்? சூசனைப் பெற்ற அப்பா. 'நமூஸ்' என்றால் மானம். கத்தி எடுத்தவன் கடைசி ஆள்தான். நான் இதை என் அப்பாவோடு பார்த்தேன். சேய்ரான் வாய் திறந்ததும் "அடப்பாவி" என்றார். அன்று இரவு சாப்பிடவில்லை.

பதிவு 3

நான் 'பெப்போ' மட்டும்தான் பார்த்திருக்கிறேன், அதுவும் பாதி. ஆனால் ஊமைப்படம் பார்க்கிறவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். அந்தக் காலப் படங்கள் பலவும் குறைந்த வேகத்தில் எடுத்தவை. இன்றைய வேகத்தில் ஓட்டினால் எல்லாரும் துள்ளித் துள்ளி நடப்பார்கள், சோகக் காட்சியும் கெட்டுப்போகும். வேகத்தைச் சரிசெய்த பிரதியைத் தேடுங்கள். முதலில் 'நமூஸ்', அப்புறம் யசீதி மதத்தைச் சேர்ந்த குர்து மக்களைப் பற்றிய 'ஸாரே', கடைசியாக 1935-ல் வந்த 'பெப்போ', ஆர்மீனியாவின் முதல் பேசும்படம். இந்த வரிசையில் பார்த்தால் பெக்-நசரோவ் வளர்ந்தது புரியும் என்கிறார்கள். மல்யுத்த வீரராக இருந்து, 1914 வாக்கில் ரஷ்யப் படங்களில் நடிக்க வந்தவர். நடிகராக நல்ல பெயர் இருந்தும் இயக்கத்துக்குப் போனார், திரைக்கதையும் தானே எழுதினார். நடிகர்களின் முகத்தை அவர் நம்புவதற்கு இதுதான் காரணம் என்று நினைக்கிறேன். தனியாகப் பாருங்கள், போனை அணைத்துவிட்டு.

பதிவு 4

ஆர்மீனியத் தலைநகர் யெரெவானில் மருத்துவம் படித்தேன். வீட்டுக்காரப் பாட்டியை எல்லாரும் 'தாத்திக்' என்போம். இலைக்குள் கறி வைத்துச் சுருட்டிச் சமைக்கும் டோல்மாவுக்குத் திராட்சை இலை அலசிக்கொண்டிருந்தார். முந்தின நாள் 'பெப்போ' பார்த்தேன் என்று எனக்குத் தெரிந்த அரைகுறை ஆர்மீனியனில் சொன்னேன். ஈரக்கையோடு எழுந்து, வலை வீசுவது போல் கையை வீசி, படத்தில் மீனவன் பெப்போ பாடும் பாட்டை ஆரம்பித்தார். கச்சாதூரியன் இசை. ஒரு வரி வந்ததும் நின்றுவிட்டது. சமையல் ஏப்ரனால் முகத்தைத் துடைத்துக்கொண்டு மறுபடி இலை அலச உட்கார்ந்தார்.

மறுநாள் கேட்கலாம் என்று விட்டேன். பரீட்சை வந்தது, அறை மாறினேன். அது என்ன வரி என்று கேட்கவே இல்லை.